சாரட்டோகாவில் ஜெயித்துக் கொடுத்த ஆர்னால்ட் ஏன் எதிரியிடம் போனார்?

கேள்வி இதுதான்: அமெரிக்க விடுதலைப் போரின் மிகத் திறமையான தளபதிகளில் ஒருவர் என்று பேர் வாங்கிய பெனடிக்ட் ஆர்னால்ட், ஆங்கிலேயரிடம் விலைபோனது ஏன்? அவர் ரத்தம் சிந்திய நாடே அவரை அவமானப்படுத்தித் துரத்தியது என்கிறார்களே, உண்மையா? மனைவிதான் காரணம் என்றும் சொல்கிறார்களே? கடைசியில் இங்கிலாந்து அவரை எப்படி வைத்துக்கொண்டது?

முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அவமானங்கள் நடந்தது உண்மை, மனைவிக்குப் பங்கு இருந்ததும் உண்மை. ஆனால் தேதிகளை வரிசையாக எடுத்து வைத்தால் "நாடு அவரைத் தள்ளிவிட்டது, அதனால் போனார்" என்ற கதை நிற்காது. அவர் எதிரியோடு பேரம் பேசத் தொடங்கிய பிறகு நடந்தவற்றைத்தான் பலரும் பேரத்துக்குக் காரணமாகச் சொல்கிறார்கள்.

ஆள் யார் என்று தெரியாமல் இந்தத் துரோகத்தின் எடை புரியாது, அதனால் கொஞ்சம் பின்னாலிருந்து வருகிறேன். 1741 ஜனவரியில் கனெக்டிகட்டின் நார்விச் ஊரில் பிறந்தவர். கொள்ளுத்தாத்தா ரோட் ஐலண்டில் கவர்னராக இருந்தவர், அதாவது பேர் உள்ள குடும்பம். ஆனால் அப்பா குடியில் விழுந்து வியாபாரத்தை அழித்துவிட்டார், பையனைப் பள்ளிக்கூடத்திலிருந்து நிறுத்த வேண்டியதாயிற்று. சொந்தக்காரர்களின் மருந்துக்கடையில் தொழில் பழகி, நியூ ஹேவனில் தனியாக மருந்தும் புத்தகமும் விற்கும் கடை போட்டு, அப்புறம் சொந்தக் கப்பலில் மேற்கிந்தியத் தீவுகளுக்கும் கனடாவுக்கும் குதிரை, மரம் என்று ஏற்றி வியாபாரம் செய்து மேலே வந்தவர். இழந்த கௌரவத்தைக் காசு கொடுத்துத் திரும்ப வாங்கியவர் என்று இவரைச் சொன்னால் தப்பில்லை. பின்னால் நடந்த எல்லாவற்றிலும் அந்த வியாபாரியின் கை தெரியும், அதனால்தான் இதைச் சொல்கிறேன்.

1775 ஏப்ரலில் லெக்சிங்டனில் போரின் முதல் துப்பாக்கி வெடித்த செய்தி வந்ததும், ஊர்ப் பெரியவர்கள் வெடிமருந்துக் கிடங்குச் சாவியைத் தரத் தயங்க, கதவை உடைத்துவிடுவேன் என்று மிரட்டி வாங்கிக்கொண்டு தன் படையோடு கிளம்பினார். மே 10ஆம் தேதி டைகாண்டிரோகா கோட்டையை இன்னொரு படைத்தலைவர் ஈத்தன் ஆலனோடு சேர்ந்து பிடித்தார். யார் தலைவர் என்று இருவரும் அங்கேயே சண்டை போட்டுக்கொண்டது வேறு கதை. அந்தப் பகுதிக் கோட்டைகளில் கிடைத்த பீரங்கிகளைத்தான் அமெரிக்க அதிகாரி ஹென்றி நாக்ஸ் பனியில் இழுத்துக்கொண்டு போய்ப் பாஸ்டன் வெளியே நிறுத்தினார், 1776 மார்ச்சில் ஆங்கிலேயர் பாஸ்டனைக் காலி செய்தார்கள். ஆர்னால்ட் டைகாண்டிரோகா பக்கம் இருந்த அந்த 1775 ஜூன் மாதத்தில் ஊரில் முதல் மனைவி இறந்துபோனார், மூன்று பையன்கள். செலவுக் கணக்கைக் கேட்டு ஒரு குழு வந்தபோது கோபித்துக்கொண்டு பதவியை விட்டார். கணக்குத் தகராறு என்பது அவருக்குப் போரின் இரண்டாவது மாதத்திலேயே ஆரம்பித்துவிட்டது.

அடுத்தது கியூபெக் பயணம். அவருடைய வீரத்தைச் சந்தேகப்படுகிறவர்கள் இதை மட்டும் படித்தால் போதும். 1775 செப்டம்பரில் சுமார் 1,100 பேரைக் கூட்டிக்கொண்டு, இன்றைய மெய்ன் மாநிலத்தின் காடு வழியாகக் கனடாவுக்குள் நுழைவது திட்டம். கையிலிருந்த வரைபடம் 180 மைல் என்று சொன்னது, நடந்தது 350 மைல். பச்சை மரத்தில் அவசரமாகச் செய்த படகுகள் ஒழுகி, மாவும் மருந்தும் நனைந்து போயின. பின்னால் வந்த ஒரு கர்னல் தன் ஆட்களோடு திரும்பிப் போய்விட்டார். மிஞ்சியவர்கள் நாயைத் தின்றார்கள், காலணித் தோலை வேகவைத்துத் தின்றார்கள். 600 பேர் அளவில்தான் போய்ச் சேர்ந்தார்கள். டிசம்பர் 31ஆம் தேதி பனிப்புயலில் கியூபெக் நகரைத் தாக்கியபோது கூட வந்த ஜெனரல் மாண்ட்கோமரி செத்தார், ஆர்னால்டுக்கு இடது காலில் குண்டு, டேனியல் மோர்கன் கைதானார். இந்த மோர்கனை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வருவார்.

தோல்விதான். ஆனாலும் அடிபட்ட காலோடு மாதக்கணக்கில் முற்றுகையை விடாமல் பிடித்திருந்தார். 1776 அக்டோபரில் சாம்ப்ளெயின் ஏரியில் அவசர அவசரமாகக் கட்டிய சிறு கப்பல் கூட்டத்தை வைத்துக்கொண்டு வால்கூர் தீவுப் பக்கம் ஆங்கிலேயக் கடற்படையோடு மோதினார். அங்கேயும் தோல்வி, கடைசியில் தன் படகுகளைத் தானே கொளுத்திவிட்டுக் காட்டு வழியாகத் தப்பினார். ஆனால் அந்த ஏரிக்காக ஆங்கிலேயரும் கப்பல் கட்டுவதில் கோடைகாலம் போய்விட்டது, குளிர் வந்ததும் ஆங்கிலேயத் தளபதி கார்ல்டன் கனடாவுக்குத் திரும்பிவிட்டார். அந்த ஒரு வருட அவகாசம் இல்லாவிட்டால் சாரட்டோகா என்ற வெற்றியே வந்திருக்காது என்று ராணுவ வரலாற்றுக்காரர்கள் பலர் சொல்வதை நான் ஏற்கிறேன்.

இப்போது அவமானம். 1777 பிப்ரவரியில் காங்கிரஸ் ஐந்து பேரை மேஜர் ஜெனரல் ஆக்கியது. (காங்கிரஸ் என்று இங்கே நான் எழுதுவது 13 காலனிகளின் பிரதிநிதிகள் சபையை, நம்ம கட்சியை இல்லை.) ஐந்து பேரும் பதவியில் ஆர்னால்டுக்கு இளையவர்கள். சொல்லப்பட்ட காரணம், கனெக்டிகட்டுக்கு ஏற்கெனவே இரண்டு மேஜர் ஜெனரல்கள் இருக்கிறார்கள் என்பது, அதாவது மாநில ஒதுக்கீடு. தலைமைத் தளபதி வாஷிங்டனுக்கே இது முன்கூட்டித் தெரியாது, அவசரப்பட்டு எதுவும் செய்துவிடாதீர்கள் என்று ஆர்னால்டுக்குக் கடிதம் எழுதினார். ஏப்ரலில் டான்பரி கிடங்கை ஆங்கிலேயர் எரிக்க வந்தபோது ரிட்ஜ்ஃபீல்டில் குதிரை சுடப்பட்டு விழுந்தும் சண்டை போட்டார் ஆர்னால்ட். அதற்குப் பிறகு பதவி கொடுத்தார்கள், ஆனால் அந்த ஐந்து பேருக்கும் கீழேதான் வரிசையில் வைத்தார்கள். கொடுத்தும் கொடுக்காத மாதிரி. யாருக்கும் கோபம் வரும், அதை மறுக்கவில்லை.

அந்த மனநிலையோடுதான் சாரட்டோகாவுக்குப் போனார். மேலதிகாரி ஹொரேஷியோ கேட்ஸ், பதுங்கிக் காத்திருந்து அடிக்கிற ஆள். ஆர்னால்டோ பாய்கிறவர். செப்டம்பர் 19ஆம் தேதி முதல் சண்டை முடிந்ததும் கேட்ஸ் அனுப்பிய அறிக்கையில் ஆர்னால்ட் பெயரே இல்லை. இருவரும் கத்திக்கொண்டார்கள், கேட்ஸ் அவருடைய பொறுப்பைப் பறித்துவிட்டார். அக்டோபர் 7ஆம் தேதி இரண்டாவது சண்டை தொடங்கியபோது கையில் எந்தப் படையும் இல்லாத ஆர்னால்ட், கூடாரத்தில் உட்கார முடியாமல் குதிரை ஏறி நேராகச் சண்டைக்குள் போனார். யார் கண்ணில் பட்டார்களோ அவர்களை எல்லாம் கூட்டிக்கொண்டு, ஜெர்மன் கூலிப்படை காத்திருந்த பிரேமன் அரணைப் பின்பக்கமாகச் சென்று உடைத்தார். அங்கே மறுபடி அதே இடது காலில் குண்டு, குதிரையும் சுடப்பட்டு விழுந்தது. பத்து நாள் கழித்து ஆங்கிலேயத் தளபதி பர்கோய்ன் ஏறக்குறைய 6,000 பேரோடு சரணடைந்தார். அந்தச் செய்தியைக் கேட்டுத்தான் பிரான்ஸ் 1778 பிப்ரவரியில் வெளிப்படையாகக் கைகோத்தது. பேர் கேட்ஸுக்குப் போனது. ஆர்னால்ட் காலை வெட்ட விடமாட்டேன் என்று பிடிவாதமாக இருந்து, ஆல்பனி மருத்துவமனையில் மாதக்கணக்கில் படுத்துக்கிடந்து, இரண்டு அங்குலம் குட்டையான காலோடு எழுந்தார்.

இங்கேதான் பலரும் கதையைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். சாரட்டோகாவுக்குப் பிறகு காங்கிரஸ் அவருடைய மூப்பைத் திருத்திக் கொடுத்துவிட்டது. 1778 ஜனவரியில் வாஷிங்டன் அந்த உத்தரவை அவருக்கு அனுப்பினார். பதவி வரிசை பற்றிய குறை அங்கே முடிந்தது. அவர் ஆங்கிலேயருக்குத் தூது விட்டது 1779 மே மாதம், ஒன்றேகால் வருடம் கழித்து.

அந்த இடைவெளியில் என்ன நடந்தது? பிலடெல்பியா நடந்தது. 1778 ஜூனில் ஆங்கிலேயர் அந்த நகரத்தை விட்டுப் போனதும், குதிரை ஏற முடியாத ஆர்னால்டை வாஷிங்டன் அங்கே ராணுவ அதிகாரியாக வைத்தார். நல்ல மனதோடு செய்த மோசமான நியமனம், ஏனென்றால் அந்த வேலைக்குப் பொறுமையும் கைச்சுத்தமும் வேண்டும், இரண்டும் இவரிடம் கிடையாது. சரக்கெல்லாம் கணக்கெடுக்கும்வரை கடைகளை மூடச்சொன்னது காங்கிரஸ், அந்த உத்தரவை வெளியிட்டது ஆர்னால்ட். அதே ஜூன் மாதத்திலேயே ராணுவத் துணிமணி அதிகாரியோடு ஒரு ரகசிய ஒப்பந்தம்: ராணுவத்துக்கு என்ற பேரில் சரக்கு வாங்கி, மிஞ்சுவதை விற்று லாபத்தைப் பங்கிட்டுக்கொள்வது. சார்மிங் நான்சி என்ற கப்பலுக்கு அனுமதிச் சீட்டு எழுதிக் கொடுத்தார், பிறகு அதன் சரக்கில் தனக்கும் பங்கு வைத்துக்கொண்டு அதை ஏற்றிவர அரசாங்க வண்டிகளை அனுப்பினார். பெரிய மாளிகையில் குடியிருப்பு, வண்டி, வேலையாட்கள், விருந்துகள். ஜெனரல் சம்பளம் அதற்கு எந்த மூலைக்கு? அதுவும் காகித டாலர் மதிப்பிழந்து, சம்பளமே ஒழுங்காக வராத காலம்.

இங்கே ஒரு நியாயத்தைச் சொல்லியாக வேண்டும். கனடாப் படையெடுப்பில் சொந்தக் காசை இறைத்திருந்தார், ரசீதுகள் பாதி வழியில் தொலைந்துபோயின, பணம் திரும்பி வரவில்லை. அவருக்கு எதிராகக் கிளம்பிய ஜோசப் ரீட், பென்சில்வேனியா அரசின் தலைவர், பழிவாங்கும் வேகத்தில் இருந்தார் என்பதும் தெரிந்ததே. 1779 பிப்ரவரியில் எட்டுக் குற்றச்சாட்டுகளைப் பத்திரிகையில் வெளியிட்டார், அதில் சில அற்பமானவை. காங்கிரஸ் குழு ஒன்று பெரும்பாலானவற்றைத் தள்ளிய பிறகும் ரீட் விடவில்லை, ராணுவ நீதிமன்றத்துக்கு இழுத்தார். ஆனால் எட்டிலும் அடியில் கிடந்த சந்தேகம், பதவியை வைத்துப் பணம் பண்ணுகிறார் என்பது. அது சரியான சந்தேகம். ரீட்டுக்குத் தெரிந்ததைவிட உண்மை மோசமாக இருந்தது, அந்த ரகசிய ஒப்பந்தம் அவருக்குத் தெரியவே தெரியாது.

இந்தச் சந்தடியில் கல்யாணம். பெக்கி ஷிப்பனுக்கு வயது 18, ஆர்னால்டுக்கு 38. பிலடெல்பியாவின் பணக்கார வழக்கறிஞர் குடும்பம், யார் ஜெயித்தாலும் தப்பிக்கும் விதமாக நடுவில் நின்ற குடும்பம். கல்யாணத்துக்கு முன்பே மவுண்ட் பிளெசன்ட் என்ற மாளிகையைக் கடன் வாங்கி வாங்கினார், அதில் ஒருநாளும் குடியிருக்கவில்லை. 1779 ஏப்ரல் 8இல் திருமணம். மே 5ஆம் தேதி வாஷிங்டனுக்கு ஒரு கடிதம்: என்னைக் குற்றவாளி என்று நினைத்தால் உடனே விசாரியுங்கள், குற்றம் நிரூபணமானால் மரண தண்டனை கொடுங்கள், இப்படி இழுத்தடிக்காதீர்கள் என்ற தொனியில். படிக்கும்போது மனம் இளகும். அதே நாட்களில் ஜோசப் ஸ்டான்ஸ்பரி என்ற பீங்கான் பாத்திரக் கடைக்காரரைக் கூப்பிட்டு, நியூயார்க்கில் இருக்கும் ஆங்கிலேயத் தலைமைக்குச் செய்தி சொல்லி அனுப்பினார். மே 10ஆம் தேதிக்கே மறுமுனையிலிருந்து மேஜர் ஜான் ஆந்த்ரேயின் பதில் எழுதப்பட்டுவிட்டது.

இப்போது மீதித் தேதிகளைப் பாருங்கள். ராணுவ நீதிமன்றம் உட்கார்ந்து விசாரித்தது 1779 டிசம்பர் கடைசியில். 1780 ஜனவரியில் தீர்ப்பு: அனுமதிச் சீட்டும் வண்டிகளும் ஆகிய இரண்டு விஷயங்களில் தப்பு செய்தார், தண்டனை வாஷிங்டனின் கண்டனம் மட்டும். அந்தக் கண்டனம் வெளிவந்தது ஏப்ரலில். கனடாக் கணக்கைப் பார்த்த கருவூலக்காரர்கள், உனக்கு நாங்கள் தரவேண்டியது இல்லை, நீதான் சுமார் 1,000 பவுண்டு தரவேண்டும் என்று சொன்னதும் அதே ஏப்ரலில். இந்த மூன்றையும்தான் அவரைத் துரோகியாக்கிய காயங்கள் என்று எழுதுகிறார்கள். மூன்றும் நடந்தபோது அவர் ஏற்கெனவே எதிரிக்குத் துருப்பு நடமாட்டத் தகவல் கொடுத்து முடித்திருந்தார். நீதிமன்றத்தில் எழுந்து நின்று, போர் தொடங்கிய நாள்முதல் இன்றுவரை என் நடத்தை ஒரே சீராக இருந்திருக்கிறது என்று பேசினாரே, அப்போது முதல் தூது போய் ஏழு மாதத்துக்கு மேல் ஆகியிருந்தது. அந்தத் துணிச்சலை நினைத்தால் வியப்பாகத்தான் இருக்கிறது, குண்டுமழையில் குதிரை ஓட்டிய அதே நரம்பு.

அவமானம் ஒரு மனிதனை எதிரியிடம் தள்ளும் என்றால் அந்தப் படையில் பாதிப் பேர் போயிருக்க வேண்டும். ஜான் ஸ்டார்க்கைத் தாண்டி, பதவியில் இளையவர் ஒருவருக்குப் பதவி கொடுத்தார்கள், 1777 மார்ச்சில் ராஜினாமாவை எறிந்துவிட்டு வீட்டுக்குப் போனார். ஆகஸ்டில் தன் மாநிலப் படையைக் கூட்டிக்கொண்டு பென்னிங்டனில் பர்கோய்னின் ஒரு பிரிவையே நொறுக்கினார். பிலிப் ஷைலரிடமிருந்து வடக்குப் படையைப் பிடுங்கிக் கேட்ஸிடம் கொடுத்தார்கள், மேலே ராணுவ நீதிமன்றம் வேறு. குற்றமற்றவர் என்று தீர்ப்பு வாங்கிக்கொண்டு, ராணுவத்தை விட்டு, காங்கிரஸில் போய் உட்கார்ந்து வேலை செய்தார். டேனியல் மோர்கன் கதை இன்னும் நெருக்கமானது, கியூபெக்கிலும் சாரட்டோகாவிலும் ஆர்னால்டோடு நின்றவர், அவரையும் ஒதுக்கினார்கள், 1779இல் கோபித்துக்கொண்டு ஊருக்குப் போனார். 1780 ஆகஸ்டில் கேம்டனில் அமெரிக்கப் படை சிதறிப்போன செய்தி கேட்டதும், முதுகுவலியோடு திரும்பி வந்தார், 1781 ஜனவரியில் கௌபென்ஸில் ஜெயித்துக் கொடுத்தார். கோபத்தை இந்த மூவரும் மறைக்கவே இல்லை. வெளியே போனார்கள், அவ்வளவுதான். ஆர்னால்டும் ராஜினாமா செய்துவிட்டு நியூ ஹேவன் கடைக்குத் திரும்பியிருக்கலாம், யாரும் ஒரு வார்த்தை சொல்லியிருக்க மாட்டார்கள்.

பின்னாளில் அவரே கொடுத்த விளக்கம் ஒன்று உண்டு. 1780 அக்டோபரில் அமெரிக்க மக்களுக்கு என்று வெளியிட்ட அறிக்கையில், பிரான்ஸோடு, அதாவது ஒரு கத்தோலிக்க முடியாட்சியோடு, செய்துகொண்ட கூட்டணிதான் தன்னை மாற்றியது என்றார். கொள்கையால் ஆங்கிலேயர் பக்கம் நின்ற அமெரிக்கர்கள் ஆயிரக்கணக்கில் இருந்தார்கள், அவர்களை நான் மதிக்கிறேன், சொத்தை இழந்து கனடா போனவர்கள் அவர்கள். ஆனால் கொள்கைக்காகப் போகிறவர் எழுதும் கடிதங்கள் இப்படி இருக்காது. 1779இல் பேரம் சில மாதம் நடந்து நின்றுபோனதற்கே காரணம், ஆர்னால்ட் கேட்ட உத்தரவாதத் தொகைக்கு ஆங்கிலேயத் தலைமைத் தளபதி ஜெனரல் ஹென்றி கிளின்டன் ஒத்துக்கொள்ளாததுதான். 1780இல் மறுபடி தொடங்கியபோது வெஸ்ட் பாயின்ட் கோட்டையை முன்வைத்தார். இவ்வளவு முக்கியமான ஒன்றுக்கு 20,000 பவுண்டு மலிவு விலை என்று எழுதினார். திட்டம் தோற்றாலும் 10,000 பவுண்டு வேண்டும் என்றார். முன்பணமும் கேட்டார். தன் வீடு, சொத்தைப் பணமாக்கி லண்டனுக்கு மாற்றும் முயற்சியும் கூடவே நடந்தது.

வெஸ்ட் பாயின்ட் அவ்வளவு பெறுமா? பெறும். ஹட்சன் ஆறு அங்கே கூர்மையாகத் திரும்புகிறது, பாய்க்கப்பல்கள் வேகம் இழந்து நிற்கும் இடம். இரண்டு கரையிலும் பீரங்கி, ஆற்றுக்குக் குறுக்கே ராட்சத இரும்புச் சங்கிலி. ஆறு ஆங்கிலேயர் கைக்குப் போனால் நியூ இங்கிலாந்து எனும் வடகிழக்கு மாநிலங்கள் தனி, மற்ற மாநிலங்கள் தனி. வாஷிங்டன் அந்தக் கோடையில் படையின் இடது பிரிவையே ஆர்னால்டுக்குக் கொடுக்க வந்தார், அது பெரிய கௌரவம். கால் வலிக்கிறது, வெஸ்ட் பாயின்ட்டே போதும் என்று அடம்பிடித்து ஆகஸ்ட் 3ஆம் தேதி அதை வாங்கிக்கொண்டார். உடனே ஆட்களை விறகு வெட்ட, காவலுக்கு என்று நாலாபக்கமும் சிதறடித்தார், பழுதுபார்க்கும் வேலையைத் தள்ளிப்போட்டார். அதற்கு நடுவிலும் கோட்டைச் சரக்கை விற்றுக் காசு பார்க்கிறார் என்று அவருடைய சொந்த உதவியாளர்களே முணுமுணுத்தார்கள். 20,000 பவுண்டுக்குக் கோட்டையையே விற்கப் போகிறவர் உப்புக்கண்டத்தில் என்ன சில்லறை பார்க்கிறார் என்று கேட்கத் தோன்றும், ஆனால் அதுதான் ஆர்னால்ட்.

சதி உடைந்த விதம் முழுக்க முழுக்கத் தற்செயல். செப்டம்பர் 21ஆம் தேதி இரவு வல்ச்சர் என்ற போர்க்கப்பலிலிருந்து ஆந்த்ரே கரைக்கு வந்து ஆர்னால்டைச் சந்தித்தார். பேச்சு விடியும்வரை நீண்டது. காலையில் ஒரு அமெரிக்கக் கர்னல், யாரையும் கேட்காமல், சின்ன பீரங்கி ஒன்றை வைத்து வல்ச்சரைச் சுட்டார், கப்பல் கீழே நகர்ந்துவிட்டது. ஆந்த்ரே தரைவழியாகத் திரும்ப வேண்டியதாயிற்று. கிளின்டன் போட்ட கட்டளைகளை மீறி, சீருடையைக் கழற்றி, கோட்டைத் திட்டங்களைக் காலுறைக்குள் வைத்துக்கொண்டு கிளம்பினார். 23ஆம் தேதி டாரிடவுன் அருகே மூன்று உள்ளூர் ஆட்கள் வழிமறித்தார்கள். அதில் ஒருவர் ஆங்கிலேயர் தரப்பு ஜெர்மன் படையின் சீருடைக் கோட்டு அணிந்திருந்தார். அதைப் பார்த்து நம்ம ஆட்கள் என்று நினைத்த ஆந்த்ரே, நான் ஆங்கிலேய அதிகாரி என்று தானே சொல்லிவிட்டார். அதற்குப் பிறகுதான் ஆர்னால்ட் கொடுத்த சீட்டை எடுத்து நீட்டினார்! அந்த மூவருக்கும் பதக்கமும் ஓய்வூதியமும் கிடைத்தது. அவர்கள் தேசபக்தர்களா, வழிப்பறிக்காரர்களா என்று பின்னாளில் காங்கிரஸிலேயே சண்டை நடந்தது. இரண்டுமாகவும் இருந்திருக்கலாம் என்பது என் எண்ணம்.

அதைவிட வேடிக்கை, ஆந்த்ரேயைக் காவலில் எடுத்த கர்னல் ஜேம்சன், காகிதங்களை வாஷிங்டனுக்கும், "இப்படி ஒருவன் பிடிபட்டான்" என்ற செய்தியை ஆர்னால்டுக்கும் அனுப்பினார். உளவுப் பொறுப்பில் இருந்த பெஞ்சமின் டால்மேட்ஜ் தலையில் அடித்துக்கொண்டும் பயனில்லை. 25ஆம் தேதி காலை, வாஷிங்டன் சாப்பிட வரப்போகும் நேரத்தில், ஆர்னால்ட் கைக்கு அந்தக் கடிதம் வந்தது. மாடிக்குப் போய் மனைவியிடம் சொல்லிவிட்டு, ஆற்றுக்கு ஓடி, தன் படகில் ஏறி வல்ச்சருக்குப் போனார். துடுப்புப் போட்டு அவரைக் கொண்டுபோய்ச் சேர்த்த படகோட்டிகளைக் கைதிகளாகப் பிடித்துக் கொடுத்தார். கப்பலிலிருந்து வாஷிங்டனுக்கு எழுதிய கடிதத்தில், மனைவி ஒரு பாவமும் அறியாதவள் என்று கெஞ்சிவிட்டு, என் துணிமணிகளையும் பெட்டிகளையும் அனுப்பிவையுங்கள், வேண்டுமானால் விலையைப் பணமாகத் தந்துவிடுகிறேன் என்று சேர்த்திருக்கிறார். அந்த நிமிடத்திலும் கணக்கு.

மனைவி பற்றி. அன்று காலை பெக்கி தலைவிரி கோலமாக, ஆறு மாதக் குழந்தையைக் கட்டிக்கொண்டு, வாஷிங்டனைப் பார்த்து இவர் என் குழந்தையைக் கொல்ல வந்தவர் என்று கதறினார். வாஷிங்டனின் உதவியாளர் ஹாமில்டன் உருகிப்போய் வருங்கால மனைவிக்கு எழுதிய கடிதம் இருக்கிறது. எல்லோரும் நம்பிவிட்டார்கள், 140 வருடம் நம்பினார்கள். 1920களில் கிளின்டனின் ஆவணங்கள் மிச்சிகன் பல்கலைக்கழகத்தின் கிளெமென்ட்ஸ் நூலகத்துக்கு வந்து, அவற்றை ஆராய்ந்த பிறகுதான், கடிதப் போக்குவரத்தில் பெக்கியும் இருந்தார் என்பது தெளிவானது. ஆங்கிலேயர் பிலடெல்பியாவில் இருந்த காலத்திலேயே ஆந்த்ரே அவருக்குப் பழக்கம். கூட்டாளி என்பதில் சந்தேகம் இல்லை. ஆனால் அவர்தான் ஆட்டிவைத்தார் என்பது மிகை. அவரைப் பார்ப்பதற்கு முன்பே ஆர்னால்ட் பதவியை வைத்துக் காசு பார்க்கத் தொடங்கிவிட்டார். நாற்பதை நெருங்கும் ஜெனரல் செய்ததற்கெல்லாம் பதினெட்டு வயதுப் பெண்ணைக் கைகாட்டுவது எனக்கு ஒப்பவில்லை.

ஆந்த்ரேயை அக்டோபர் 2ஆம் தேதி டாப்பனில் தூக்கிலிட்டார்கள். ஆர்னால்டைக் கொடுத்தால் ஆந்த்ரேயை விடலாம் என்று அமெரிக்கத் தரப்பு ஜாடையாகச் சொல்லிப் பார்த்தது, தன் பக்கம் வந்த ஒருவரைத் திருப்பிக் கொடுத்தால் இனி யார் வருவார்கள் என்று கிளின்டன் மறுத்துவிட்டார். ஆனால் கிளின்டனின் அதிகாரிகள் ஆந்த்ரே மீது உயிரையே வைத்திருந்தவர்கள், அவர் செத்ததற்குக் காரணம் இந்த ஆள் என்பதை அவர்கள் மறக்கவே இல்லை. கோட்டை கிடைக்கவில்லை, ஆந்த்ரே வாக்குக் கொடுத்திருந்த 6,000 பவுண்டும் செலவுக்கு 315 பவுண்டும் கிடைத்தன, பிரிகேடியர் ஜெனரல் பதவியும் சேர்ந்து.

அதற்குப் பிறகு அவர் ஆங்கிலேயச் சீருடையில் செய்த போரைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றும் இல்லை. 1781 ஜனவரியில் ரிச்மண்டில் புகுந்து எரித்தார், வர்ஜீனியா கவர்னர் ஜெஃபர்சன் தப்பி ஓடினார். பிடிபட்டால் தூக்கிலிட வேண்டும் என்ற உத்தரவோடு வாஷிங்டன் தன் படையிலிருந்த பிரெஞ்சுக்கார ஜெனரல் லஃபாயெட்டை அனுப்பினார். பிடித்தால் என்ன செய்வீர்கள் என்று ஒரு அமெரிக்கக் கைதியிடம் ஆர்னால்ட் கேட்டதாகவும், சாரட்டோகாவில் அடிபட்ட காலை வெட்டி ராணுவ மரியாதையோடு புதைப்போம், மீதியைத் தூக்கில் போடுவோம் என்று பதில் வந்ததாகவும் ஒரு கதை உண்டு. நடந்ததோ இல்லையோ, சாரட்டோகா களத்தில் 1887இல் வைத்த ஒரு கல்லில் ஒற்றைப் பூட்ஸ் மட்டும் செதுக்கியிருக்கிறது, பெயர் கிடையாது. அதே 1781 செப்டம்பரில் நியூ லண்டனைக் கொளுத்தினார், பிறந்த ஊரிலிருந்து கூப்பிடு தூரத்தில் உள்ள துறைமுகம். ஆற்றின் எதிர்க்கரையில் கிரிஸ்வோல்ட் கோட்டையில் அவருடைய படையினர் எண்பதுக்கு மேற்பட்டோரைக் கொன்றார்கள், பலரைச் சரணடைந்த பிறகு. கனெக்டிகட்காரர்கள் அவரை மன்னிக்காததற்கு வெஸ்ட் பாயின்ட்டைவிட இது பெரிய காரணம்.

இங்கிலாந்து எப்படி வைத்துக்கொண்டது என்ற கடைசிக் கேள்வி. பணம் கொடுத்தது, நம்பவில்லை. அரசர் பெக்கிக்கு ஆண்டுக்கு 500 பவுண்டு ஓய்வூதியம் கொடுத்தார், ஆனால் ஆர்னால்டுக்கு ராணுவத்தில் மறுபடி ஒரு படையைக் கொடுக்க யாரும் முன்வரவில்லை. 1784இல் கிழக்கிந்தியக் கம்பெனியில் வேலை கேட்டுப் பார்த்தார். கம்பெனி இயக்குநர்களில் ஒருவரான ஜார்ஜ் ஜான்ஸ்டோன் நாசூக்காகப் பதில் எழுதினார்: உங்கள் நோக்கம் தூய்மையானது என்று நான் நம்புகிறேன், ஆனால் பொதுவாக மற்றவர்கள் அப்படி நினைக்கவில்லை. அப்புறம் கனடாவின் செயின்ட் ஜான் போய்க் கப்பல் வியாபாரம், அங்கே கிடங்கு எரிந்துபோனது, காப்பீட்டுப் பணத்துக்காகத் தானே கொளுத்தினார் என்று பழைய கூட்டாளி சொல்ல, அவதூறு வழக்குப் போட்டு ஜெயித்தார். கேட்டது ஆயிரக்கணக்கில், நீதிமன்றம் கொடுத்த நஷ்டஈடு 20 ஷில்லிங். அந்த மதிப்புக்கு அதுதான் விலை என்று ஜூரி நினைத்திருப்பார்கள் போல. 1791இல் லண்டன் திரும்பி, 1801 ஜூனில் கடனோடு இறந்தார், பாட்டர்சீ தேவாலயத்தில் அடக்கம். கடனை எல்லாம் பெக்கிதான் சாமான்களை விற்று அடைத்தார்.

அப்பாவுக்குக் கதவைச் சாத்திய கம்பெனி பிள்ளைகளுக்குத் திறந்தது, அதையும் சொல்லிவிடுகிறேன், நம் பக்கம் யாரும் இதைப் பேசிக் கேட்டதில்லை. வாஷிங்டன் முன்னால் பெக்கி கட்டிப்பிடித்து அழுத அந்தக் கைக்குழந்தை எட்வர்ட், யார்க்டவுனில் சரணடைந்துவிட்டுப் பிறகு இங்கே வந்து திப்புவோடு போரிட்டாரே, அந்தக் கார்ன்வாலிஸின் சிபாரிசில் வங்காளக் குதிரைப்படையில் சேர்ந்து, 1813இல் பீகாரின் தானாப்பூரில் இறந்தார். தம்பி ஜார்ஜும் அதே வங்காளக் குதிரைப்படைக்கு வந்து லெப்டினன்ட் கர்னல் வரை உயர்ந்து, 1828இல் இந்தியாவிலேயே இறந்தார்.